இரண்டு சூரியனுக்கு நடுவில் ஓர் ஆணி

ஸஹ்றா டீச்சருக்கு இரண்டு உம்மா. இதைச் சொன்னதும் சிலர் முகத்தைத் தொங்கப்போட்டுக்கொண்டு, "பாவம், மாற்றாந்தாயிடமா வளர்ந்தாய்?" என்று இரக்கப்படத் தொடங்கிவிடுவார்கள். இரக்கப்பட அதில் ஒன்றுமே இல்லை. இரண்டு பேரிடம் ஏச்சு வாங்கி, இரண்டு பேர் கையால் சோறு தின்று, காய்ச்சல் வந்தால் இரண்டு பேருடைய துஆவிலும் தப்பிப் பிழைத்து வளர்ந்தவள் அவள். அவளுக்கு வந்த கஷ்டம் அன்பு குறைந்ததால் வரவில்லை, கூடியதால் வந்தது. அதை ஊருக்கு விளங்கப்படுத்துவதுதான் பெரும்பாடு.

அவளுடைய வாப்பா ஹயாத்து முகம்மது புத்தளத்தில் உப்பு வியாபாரம் செய்தவர். முதலில் கல்யாணம் முடித்தது புத்தளம் டவுனில் ஹவ்வா உம்மாவை. வருஷங்கள் போயும் பிள்ளை இல்லை. சொந்தக்காரர்களின் வாய் சும்மா இருக்குமா? ஓதி ஓதி, கடைசியில் கற்பிட்டியில் மர்ஷூதாவை இரண்டாம் தாரமாக முடித்து வைத்தார்கள். அங்கே பிறந்த ஒற்றைப் பிள்ளை ஸஹ்றா.

எங்கள் பக்கத்தில் கல்யாணம் முடித்தால் ஆண்தான் பெண்வீட்டுக்குப் போய்க் குடியிருப்பான். புத்தளத்தில் இருந்தது ஹவ்வா உம்மாவின் வீடு, கற்பிட்டியில் இருந்தது மர்ஷூதாவின் வீடு. 'அவருக்கென்ன, ரெண்டு ஊடு' என்று ஊர் பொறாமைப்பட்டது. சொல்லப்போனால் அந்த மனுஷனுக்கென்று ஒரு வீடும் இல்லை.

முறை தவறாத மனுஷன். வெள்ளிக்கு வெள்ளி ஒரு வீடு. எங்கள் கணக்கில் நாள் மாறுவது பொழுது சாய்கிற மஃரிபோடுதானே, அதனால் வெள்ளி மஃரிப் பாங்கு சொன்னதும் முறை மாறிவிடும். மனைவிமாரில் ஒருத்தி பக்கம் சாய்ந்தவன் மறுமையில் உடம்பு ஒரு பக்கம் சாய்ந்தபடி எழுந்து வருவான் என்று எந்தப் பள்ளிவாசல் பயானில் கேட்டாரோ, அந்தப் பயம் அவரை வாழ்நாள் முழுக்கப் பிடித்துக்கொண்டது. ஒரு வீட்டுக்குத் தர்ப்பூசணி வாங்கினால் மற்ற வீட்டுக்கும் அதே அளவில் ஒன்றைத் தேடி அலைவார். தர்ப்பூசணிக்காரர்கள் அவரைத் தூரத்தில் கண்டாலே சிரிப்பார்கள்.

ஆறாம் வகுப்புக்கு ஸஹ்றாவைப் புத்தளத்துக்குப் படிக்க அனுப்பினார்கள். தங்கியது பெரியும்மா என்று அவள் கூப்பிடும் ஹவ்வா உம்மா வீட்டில். பெரியும்மா முதல் நாள் அவளுடைய தலையை அவிழ்த்து, "இது என்ன பின்னல், கயிறு திரிச்ச மாதிரி?" என்று குறைசொல்லிக்கொண்டே திருப்பிப் பின்னினாள். வாப்பாவோடு வேனில் கற்பிட்டிக்குப் போனால் உம்மா அந்தப் பின்னலை அவிழ்த்து, "இப்பிடியா இழுத்துக் கட்டுற, புள்ளைக்குத் தலை வலிக்காதா?" என்று மறுபடி பின்னுவாள். இரண்டு பெண்களும் ஒருவர் வாசலை ஒருவர் மிதித்ததில்லை. ஆனாலும் கற்பிட்டிக் கருவாடு புத்தளத்துக்குப் போகும், புத்தளத்துத் தொதல் இனிப்பு கற்பிட்டிக்குப் போகும். அனுப்பியவர் பெயரை மட்டும் ஒருவரும் சொல்லமாட்டார்கள். ஸஹ்றாவின் பையில் எப்போதும் ஏதோவொரு வீட்டு மணம் அடித்துக்கொண்டே இருக்கும்.

வளர்ந்தாள், படித்தாள், கனமூலைப் பக்கத்தில் விஞ்ஞான டீச்சரானாள். மதுரங்குளியில் ஹார்ட்வெயார் கடை வைத்திருக்கும் றஸ்மியை முடித்தாள். அப்போது வந்தது சோதனை. பெண்பிள்ளைக்கு வீடு கொடுப்பது வழக்கம் அல்லவா? உம்மா, "என்ட ஊடு என்ட மகளுக்கு" என்றாள். பெரியும்மா, "எனக்கும் அவள்தான் மகள், என்ட ஊட்ட அவளுக்குத்தான் எழுதுவன்" என்றாள். ஒரு வீட்டை எடுத்தால் மற்ற வீடு இருண்டுபோகும். ஸஹ்றா இரண்டையும் எடுக்கவில்லை. கனமூலையில் இரண்டு அறை வீடொன்றைக் கூலிக்கு எடுத்தாள். வெள்ளையடித்த இரண்டு வீடு காத்துக்கிடக்க இவளுக்கு ஏன் இந்தத் தலையெழுத்து என்று ஊர் வாயைப் பிளந்தது. அவளோ மாதத்துக்கு இரண்டு தரம் இங்கே, இரண்டு தரம் அங்கே என்று பஸ்ஸேறிப் போய்வந்தாள். வாப்பாவின் இரத்தம், வேறென்ன.

ஏழு வருஷத்துக்கு முன்னால், ஸபர் மாதத்தில் ஒரு வெள்ளிக்கிழமை, ஹயாத்து முகம்மது பாலாவிச் சந்தியில் வேனுக்குள் இருந்தபடியே உயிர் பிரிந்து மௌத்தானார். கூட இருந்தது ஸஹ்றா மட்டும். பாலாவி என்பது புத்தளம் வீதியிலிருந்து கற்பிட்டி வீதி பிரிகிற இடம். நேரமோ மஃரிப். மஃரிபுக்கு முந்தி என்றால் அன்று பிறை பதினாலு, ஹவ்வா உம்மாவின் முறை. பிந்தி என்றால் பிறை பதினைந்து, மர்ஷூதாவின் முறை. "மஃரிப் நேரம்" என்பதற்கு மேல் ஸஹ்றா ஒரு சொல்லும் சொல்லவில்லை. ஆளுக்கொரு பக்கம் எடுத்துக்கொண்டார்கள். புத்தளத்தில் பதினாலில் அவர் நினைவாகக் கத்தம் ஓதினார்கள். கற்பிட்டியில் பதினைந்தில் ஓதினார்கள். வருஷாவருஷம் இதே கதை. ஓத வருகிற லெப்பைக்கு மட்டும் பரம சந்தோஷம், அடுத்தடுத்து இரண்டு நாள் இறைச்சிச் சோறு.

இந்த வருஷம் ஸபர் பிறக்கு முன் ஹவ்வா உம்மாவுக்கு நெஞ்சு வருத்தம் வந்தது. ஆஸ்பத்திரியில் கிடந்து வீடு திரும்பினாலும் ஆள் பாதியாகிவிட்டாள். பாடசாலை விடுமுறை என்பதால் ஸஹ்றா புத்தளத்துக்கு வந்து தங்கினாள். வரும்போது கையில் ஒரு பலகையையும் தூக்கிக்கொண்டு வந்தாள்.

அந்தப் பலகைக்கும் ஒரு கதை இருக்கிறது. விடுமுறை முடிந்ததும் பாடசாலையில் விஞ்ஞானக் கண்காட்சி. மற்ற டீச்சர்மார் எரிமலையும் காற்றாலையும் செய்ய, ஸஹ்றா இரட்டைச் சூரியன் செய்யப்போகிறேன் என்றாள். வானத்தில் ஒற்றையாகத் தெரிகிற நட்சத்திரங்களில் எத்தனையோ உண்மையில் இரண்டு. இரண்டும் ஒன்றையொன்று விடாமல் சுழன்றுகொண்டிருக்கும். அவற்றுக்கும் கிரகங்கள் உண்டு. சில கிரகம் இரண்டில் ஒன்றை ஒட்டிக்கொண்டு அதை மட்டும் சுற்றும். சில கிரகம் தூரத்தில் விலகி நின்று இரண்டையும் சேர்த்துச் சுற்றும். அப்படிப்பட்ட உலகத்தில் ஒரு நாளில் இரண்டு சூரியன் உதிக்கும், நின்றால் இரண்டு நிழல் விழும். இரண்டுக்கும் நடுவே போய் மாட்டிக்கொண்ட கிரகத்துக்குத்தான் கதி இல்லை. இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் இழுபட்டு, கடைசியில் இருட்டுக்குள் தூக்கி வீசப்படும்.

இத்தனை விஷயம் வானத்தில் கிடக்க இவளுக்கு ஏன் இது பிடித்தது என்று நான் விளக்கத் தேவையில்லை. அவள் மட்டும் அதை ஒப்புக்கொள்ளமாட்டாள். "புள்ளைகளுக்கு வித்தியாசமா இரிக்கட்டும்" என்பாள்.

றஸ்மி கடையிலிருந்து கொடுத்த பலகையின் ஒரு முனையில் பெரிய மஞ்சள் பல்ப், மறுமுனையில் சின்னச் சிவப்பு பல்ப் பூட்டினாள். பலகையின் சரிநடுவே ஓர் ஆணி அடித்து அதில் சுழலவிட்டாள். சுற்றினால் பலகை பேய் பிடித்த மாதிரி ஆடியது. கணக்குப் படிப்பிக்கும் கௌசல்யா, முந்தலிலிருந்து வருகிறவள், பார்த்துவிட்டுச் சிரித்தாள். "நடுவுல அடிச்சா ஆடாம என்ன செய்யும் ஸஹ்றா? பெரிய பல்ப் பாரம்தானே. ஆணி அந்தப் பக்கம் கொஞ்சம் தள்ளிப் போகணும்."

"பெரிசு நடுவுல நிண்டு சின்னது சுத்துறதுண்டா லேசா இருந்திருக்கும்" என்று ஸஹ்றா சலித்துக்கொண்டாள்.

"பெரிசும்தான் சுத்துது. ரெண்டும் ஆணியைத்தான் சுத்துது" என்றாள் கௌசல்யா.

புத்தளத்து வீட்டில் ஒரு பகல், ஸஹ்றா தரையில் குந்தியிருந்து ஆணியின் இடத்தைத் தேடிக்கொண்டிருந்தாள். கட்டிலில் சாய்ந்திருந்த ஹவ்வா உம்மா கொட்டாவி விட்டபடி பார்த்திருந்தாள். ஒரு கட்டத்தில் பலகை ஆடாமல் வழுக்கிக்கொண்டு சுழன்றது. மஞ்சளும் சிவப்பும் சுவரில் மாறி மாறி ஓடின. தூரத்துக் கம்பியில் பொருத்திய நீலப் பந்து ஆறுதலாக எல்லாவற்றையும் சுற்றி வந்தது.

"நடுவுல என்ன இரிக்கி?" என்று பெரியும்மா கேட்டாள்.

"ஒண்டுமில்ல. ஆணி மட்டும்தான்."

"மெய்யான வானத்தில?"

"அங்க ஆணியும் இல்ல பெரியும்மா. சும்மா வெறும் இடம்."

"அப்ப ரெண்டும் ஒண்டுமில்லாததயா இப்பிடி சுத்திச் சுத்தி வருது?"

ஸஹ்றா பலகையைக் கையால் பிடித்து நிறுத்தினாள். பெரியும்மா நெடுநேரம் அந்த ஆணியையே பார்த்திருந்தாள். பிறகு கேட்டாள், ஏழு வருஷமாகக் கேட்காததை.

"மகள், அவர் அண்டைக்கு எப்ப மௌத்தான? மஃரிபுக்கு முந்தியா, பிந்தியா?"

"ஏன் பெரியும்மா இப்ப அதெல்லாம்? மருந்து குடிச்சிட்டுப் படுங்க."

"படுக்கத்தானே போறன், ஒரேயடியா. அதுக்கு முந்தித்தான் கேக்குறன்." அவளுக்கு மூச்சு வாங்கியது. "அண்டைக்கு ஜும்ஆ முடிஞ்சி வந்து சோறு திண்டார். திண்டுட்டு மணிக்கூட்டப் பாத்தார். அது எப்பயும் பாக்குறதுதான். எனக்கு அண்டைக்கு எங்கிருந்து அந்தக் கோவம் வந்திச்சோ. 'கண்ணு எப்பயும் மணிக்கூட்டில. மனசு அங்கண்டா இப்பவே போங்க'ண்டு சொல்லிட்டன். ஒரு வார்த்த கதைக்காம எழும்பிப் போயிட்டார் புள்ள. பின்னேரத்து அஸர் பாங்கும் சொல்லல்ல. என்ட முறை முடியவே இல்ல."

ஸஹ்றாவுக்கு இது புதுக்கதை. ஹவ்வா உம்மா சொல்லிக்கொண்டே போனாள். பதினாலில் கத்தம் ஓதியதெல்லாம் வீம்புக்குத்தான். என் புருஷன் என் முறையில்தான் போனார் என்று ஊருக்குக் காட்டத்தான். ஆனால் ஓதி முடித்து எல்லாரும் போனபின் மற்றக் கணக்கு வந்து நெஞ்சில் உட்காரும். என் முறையில் மௌத்தானார் என்றால், என் முறை இருக்கும்போதே அவர் அடுத்த வீட்டுக்குப் புறப்பட்டவர். வாழ்நாள் முழுக்கச் சாயாத மனுஷனைக் கடைசி நாளில் சாய வைத்தது என் வாய். மறுமையில் அவர் ஒரு பக்கம் சாய்ந்து வந்தால் அதற்கு நான்தானே பொறுப்பு?

"பிந்தித்தான்டு சொல்லு, நான் அந்தக் கற்பிட்டிக்காரிக்கே உட்டுக் குடுக்குறன். அவர் குத்தமில்லாம போனாப் போதும்" என்று அழுதாள் ஹவ்வா உம்மா.

ஸஹ்றா எழுந்து குசினிக்குப் போனாள். தண்ணீர் எடுக்கப் போகிறேன் என்று சொன்னாள். போய்க் கோப்பையைக் கையில் வைத்துக்கொண்டு நின்றாள்.

அவளிடம் வாப்பாவோடு கழித்த ஒரு பின்னேரம் இருந்தது. ஏழு வருஷமாக ஒருவருக்கும் கொடுக்காமல் வைத்திருந்தாள். அதைப் பெரியும்மாவிடம் சொன்னால் உம்மாவுக்குப் போகும். உம்மா கேட்டால், 'அவ்வளவு நேரம் சந்தியில் இருந்தவர் என் வீட்டுக்கு ஏன் வரவில்லை?' என்று நொந்துபோவாள். சொல்லாமல் விட்டாலோ பெரியும்மா இந்தப் பாரத்தோடே கபுருக்குப் போவாள். இது சொல்லிக்கொள்ளக்கூடிய காரணம். சொல்லிக்கொள்ள முடியாத காரணம் இன்னொன்றும் இருந்தது. அந்தப் பின்னேரம் அவளுடையது. வாப்பாவை எல்லாரும் பங்குபோட்டார்கள். நாள் கணக்கில் போட்டார்கள், பிறைக் கணக்கில் போட்டார்கள், கத்தச் சோற்றில்கூடப் போட்டார்கள். அவளுக்கு மட்டும் யாரும் பங்கு வைக்கவில்லை. பிள்ளைக்கு என்ன முறை?

தண்ணீரைக் கொண்டுவந்து கொடுத்தாள். கட்டில் ஓரத்தில் இருந்தாள்.

"அவர் கற்பிட்டிக்குப் போகல்ல பெரியும்மா."

"என்ன?"

"அஸருக்கு முந்தி எனக்குக் கோல் எடுத்தார். 'மகள், இண்டைக்கு வெள்ளன பாலாவிக்கு வாறியா, கற்பிட்டிக்குச் சேந்து போவம்'ண்டு. நான் பஸ் ஏறிப் பாலாவிக்கு வந்த. வேனை மரத்துக்குக் கீழ போட்டுட்டு இருந்தார். வாங்க போவமண்டு கேட்டன். 'பொறு, இன்னும் பெரியும்மாட முறை முடியல்ல'ண்டார். அப்ப திரும்பிப் புத்தளத்துக்குப் போங்களண்டு சொன்னன். 'அவ கோவமா இரிக்கா. கோவம் ஆறட்டும், அடுத்த வெள்ளி சரியாகிடும்'ண்டு சிரிச்சார். மஃரிப் வரைக்கும் அங்கயேதான் இருந்த. எங்கயும் போகல்ல. ஒரு பக்கமும் சாயல்ல."

ஹவ்வா உம்மா இரண்டு கையாலும் வாயைப் பொத்திக்கொண்டாள்.

"மஃரிப் பாங்கு சொல்லத் தொடங்கினதும் 'போவம், பசிக்கிது, ரெண்டு பணிஸ் வாங்கிட்டு வா, சூடா இரிக்காண்டு கேளு'ண்டார். நான் இறங்கி பேக்கரிக்குப் போன. பாங்கு சொல்லிட்டே இருந்திச்சு. பணிஸ் வாங்கிட்டுத் திரும்பி வந்த நேரம்..." ஸஹ்றா கோப்பையை வாங்கிக் கீழே வைத்தாள். "முந்தியா பிந்தியாண்டு எனக்குத் தெரியாது. நான் முதுகைக் காட்டிட்டு நிண்ட. ஆனா பெரியும்மா, அவர் ஒங்கட முறையிலயும் மௌத்தாகல்ல, உம்மாட முறையிலயும் மௌத்தாகல்ல. என்ட முறையில மௌத்தானார். அந்தச் சந்தி என்ட முறை. சின்ன வயசிலேருந்து ஒங்க ஊட்டுக்கும் உம்மா ஊட்டுக்கும் நடுவுல அந்தப் பாதையில மட்டும்தான் அவர் எனக்கு இருந்த."

சொல்லிவிட்டுப் பயந்துபோனாள். இப்படி ஒரு வார்த்தையைத் தன் வாயால் சொல்வாள் என்று அவளே நினைத்திருக்கவில்லை. நியாயம் கேட்கிற குரல் அது. இத்தனை காலமும் எல்லாருக்கும் நியாயம் பார்த்தவளுக்குத் தன் பங்கைக் கேட்க முப்பத்தேழு வயது தேவைப்பட்டிருக்கிறது.

ஹவ்வா உம்மா அவளைப் பக்கத்தில் இழுத்துப் போட்டுக்கொண்டாள். சின்ன வயதில் பின்னல் போடும்போது பிடிப்பதுபோல் தலையைப் பிடித்தாள். அழுதது இரண்டு பேரும்தான். யார் முந்தி நிறுத்தினார்கள் என்று கேட்காதீர்கள், அந்தக் கணக்கு வேண்டாம்.

"ஏழு வருஷம் இத மனசில வச்சிட்டு இருந்தியா, கள்ளி" என்றாள் பெரியும்மா கடைசியில். "மர்ஷூதாவுக்குத் தெரியுமா?"

ஸஹ்றா நிமிர்ந்து பார்த்தாள். அந்தப் பெயரைப் பெரியும்மா வாயால் அவள் கேட்பது அதுதான் முதல் தடவை.

"தெரியாது."

"போனை எடு. நான் கதைக்கிறன்."

கற்பிட்டியில் மணி நெடுநேரம் அடித்தது. மர்ஷூதா எடுத்து, "ஸஹ்றா?" என்றாள். ஹவ்வா உம்மா தொண்டையைச் செருமினாள். "நான் புத்தளத்து ஹவ்வா உம்மா" என்றாள். அந்தப் பக்கமிருந்து மெதுவாக, அக்கா முறை வைத்து, "ராத்தா, உடம்புக்கு எப்பிடி?" என்று வந்தது. இருபது நிமிஷம் கதைத்தார்கள் என்று நினைக்கிறேன். பாதிக்கு மேல் மருந்து, சீனி வருத்தம், கருவாட்டு விலை. மிச்சத்தில் பாலாவிச் சந்தி வந்தது. அதைச் சொல்லும்போது ஹவ்வா உம்மா ஒன்றைச் சேர்த்துச் சொன்னாள். "ஒங்களிட்ட வர விருப்பமில்லாம இருக்கல்ல மர்ஷூதா. நேரமாகாம வந்தா அது ஒங்களுக்கு ஹலாலான நேரமில்லண்டுதான் காத்துட்டு இருந்தார்." ஸஹ்றா ஏழு வருஷம் பயந்து மறைத்த இடத்தை அவள் அவ்வளவு லேசாகக் கடந்துபோனாள்.

அந்த ஸபரில் கத்தம் கனமூலையில் நடந்தது, கூலி வீட்டில். பிறை பதினாலில் அஸருக்குத் தொடங்கி, பதினைந்து பிறந்தபின் மஃரிபுக்குப் பிறகு முடித்தார்கள். லெப்பைக்கு ஒரு நாள் சோறு குறைந்துபோனதில் சின்ன வருத்தம். றஸ்மி வேன் பிடித்து இரண்டு பேரையும் கூட்டிவந்தான். மர்ஷூதா ஒரு பார்சல் கருவாடு கொண்டுவந்தாள். இந்த முறை, "ராத்தாவுக்கு, நான் அனுப்பினதுண்டு குடு" என்று பெயரோடு கொடுத்தாள்.

ஆட்கள் கலைந்தபின் முன்னறையில் மூன்று கதிரை. கண்காட்சிக்குப் போய்வந்த பலகை மூலையில் கிடந்தது, நீலப் பந்து கம்பியில் தொங்கியபடி. ஸஹ்றா சூடான பணிஸும் பிளேன் டீயும் கொண்டுவந்து வைத்துவிட்டு, வழக்கம்போல வாசற்படிக்குப் பக்கத்தில், இருவரையும் விட்டுத் தள்ளிப்போய் நின்றாள். அவளுக்குப் பழகிய இடம் அது.

"அங்க என்னத்துக்கு நிக்கிற?" என்றாள் உம்மா.

ஹவ்வா உம்மா நடுவிலிருந்த வெற்றுக் கதிரையைத் தட்டிக் காட்டினாள். "இங்க வந்து இரி. அண்டைக்கு அஸர்லேருந்து மஃரிப் மட்டும் அவர் என்னென்ன கதைச்சார்? ஒண்டும் உடாம சொல்லு."

எத்தனை மணிக்கு என்று அவளிடம் கேட்காத ஆள் இல்லை. என்ன கதைத்தார் என்று ஏழு வருஷத்தில் ஒருவரும் கேட்டதில்லை. ஸஹ்றா போய் நடுக்கதிரையில் இருந்தாள். இந்தக் கை உம்மாவின் மடியில், அந்தக் கை பெரியும்மாவின் கைக்குள். "முதல்ல தர்ப்பூசணிக்காரனைப் பத்தித்தான் கதைச்சார்" என்று தொடங்கினாள். மூன்று பேருக்கும் சிரிப்பு வந்துவிட்டது.